ஏழாவது கிடாய்

சித்ராதேவியின் சாப்பாட்டுப் பையைக் கேட்டில் வைத்துக் கவிழ்த்தார் செக்யூரிட்டி. டிபன் பாக்ஸோடு கம்பெனியின் டிடெக்டரும் வந்து விழுந்தது. பனியனுக்குள் ஒடிந்த ஊசி ஏதும் மாட்டியிருந்தால் கீச்சென்று கத்திக் காட்டிக்கொடுக்கிற கையடக்க மெஷின் அது.

மேனேஜர் ராஜவேல் அதுவரை குஷியாகத்தான் இருந்தார். ஞாயிற்றுக்கிழமை மகளுக்குக் காதுகுத்து, கிடாய் விருந்து என்று காலையிலிருந்து போனில் ஊரையே அழைத்துக்கொண்டிருந்தார். மெஷினைப் பார்த்ததும் அத்தனை குஷியும் போயே போச்சு.

எட்டு வருசமாகச் செக்கிங்கில் இருக்கிற பொம்பளை செய்கிற வேலையா இது என்று பிடித்துக்கொண்டார். மாதாமாதம் மீட்டிங்கில் பாடுகிற பாட்டையும் விடவில்லை.

"கொழந்தைங்க போடற துணிம்மா. ஊசி ஒரு துணுக்கு உள்ள போனாலும் அந்தப் பாவம் நம்மளுக்குத்தான். அதைத் தேடற மெஷினையே தூக்கிட்டுப் போறயே?"

"திருடலீங்க சார். காலைல கொண்டாந்து வெச்சிருவனுங்க. ஒரு கெடாயச் செக் பண்ணோணுமுங்க."

செக்யூரிட்டி சிரிப்பை அடக்க மீசையைத் தடவிக்கொண்டார்.

விஷயம் இதுதான். அவள் வீட்டுக்காரர் சாமியப்பனுக்குக் கால்நடை டாக்டர் வரும்வரை பொறுமையில்லை. மருந்தை வாங்கி வந்து, ஒரே ஊசியால் ஆறு கிடாய்களுக்குத் தானே குத்திவிட்டார். ஊசியை மாற்றவுமில்லை, ஆட்டைப் பிடிக்க ஆளையும் கூப்பிடவில்லை. ஏழாவது கிடாய் ஒரே துள்ளாகத் துள்ள, மழுங்கி வளைந்திருந்த ஊசி ஒடிந்து கழுத்துக்குள்ளேயே நின்றுவிட்டது. கிடாயோ ஒன்றுமே நடக்காத மாதிரி தழை தின்கிறதாம். இவளுக்குத்தான் தூக்கம் போய்விட்டது. எந்த இடத்தில் இருக்கிறது என்று மெஷின் காட்டிவிட்டால், டாக்டர் கீறி எடுத்துவிடுவார்.

ராஜவேலுக்குச் சிரிப்புத் தாங்கவில்லை. கண்ணைத் துடைத்துக்கொண்டு புத்தி சொன்னார்.

"இத்தனூண்டு ஊசிக்கா இந்தப் பாடு? பேசாம வித்துப்போட வேண்டியதுதான? திங்கறவன் பாத்துக்குவான்."

சித்ராதேவி தலைகுனிந்தாள்.

"வித்தாச்சுங்க சார். ஞாயித்துக்கெழமை விருந்துக்குன்னு உங்க வூட்டம்மாதானுங்க அந்தக் கெடாயப் பாத்து எடுத்தாங்க."