பாடையிலிருந்து ஒரு சிரிப்பு

இருபத்தேழு படங்களில் ஆபத்சகாயம் செத்திருக்கிறார். கதாநாயகியின் அப்பாவாக, ஜமீன் காரியஸ்தராக, பெயரே இல்லாத நோயாளியாக. ஒவ்வொரு முறையும் பாடையிலிருந்து எழுந்து கேமராவைப் பார்த்துச் சிரித்த பிறகுதான் மாலையைக் கழற்றுவார்கள். அந்தச் சிரிப்பும் பிலிமில் பதிய வேண்டும். இல்லாவிட்டால் தோஷம் வீடுவரைக்கும் கூடவே வரும் என்பது ஸ்டூடியோக்காரர்களின் நம்பிக்கை.

அன்று பாடைக் காட்சி முடிந்ததும் டைரக்டர், "யுத்த காலத்துல பிலிமுக்கே பஞ்சம். சிரிப்பெல்லாம் வேண்டாம், எழுந்திரும்" என்றார்.

ஆபத்சகாயம் எழவில்லை. "வீட்டுல குழந்தை ஜுரத்துல கெடக்குது சார். ஒரே ஒரு அடி பிலிம் போதும்."

கேமராக்காரர் மனமிரங்கித் தலையசைத்தார். ஆபத்சகாயம் எழுந்து உட்கார்ந்து பல்லெல்லாம் தெரியச் சிரித்தார். சிரித்துக்கொண்டிருக்கும்போதே கவனித்தார். கேமராவுக்குள் பிலிம் ஓடும் சத்தம் வரவில்லை. கேமராக்காரர் அவர் முகத்தைப் பார்க்காமல் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

அன்றிரவு வீட்டில், சாத்திய கதவுக்குப் பின்னாலிருந்து மனைவி வழக்கம்போலக் கேட்டாள்: "சிரிச்சிட்டுத்தானே வந்தீங்க?"

"சிரிச்சேன்."

தாழ்ப்பாள் விலகியது. பாயில் கிடந்த குழந்தை, தூக்கச் சொல்லி இரண்டு கைகளையும் நீட்டியது. ஆபத்சகாயம் வாசற்படியைத் தாண்டாமல் சிரித்துக்கொண்டே நின்றார்.