வரிக்கு வரி

அவர் சிரித்ததும் அவளும் சிரித்தாள். என்ன வசனம் என்று அதற்குப் பிறகுதான் கேட்டாள்.

டிவியில் இந்திப் படம். படுத்த படுக்கையான ஒரு கிழவனைப் பிள்ளைகள் ஒருவர் தலையில் ஒருவர் கட்டப் பார்க்கிற சிரிப்புப் படம்.

"மூத்தவன் வீட்ல லிஃப்ட் இல்லையாம்," என்றார்.

வடக்கே புசாவலில் முப்பது வருடம் அவருக்கு ரயில்வே வேலை. அவள் கடைசிவரை இந்தி கற்றுக்கொள்ளவில்லை. காய்கறிக்காரனிடம் பேரம் பேசுவதென்றாலும் அவள் தமிழில் சொல்வாள், அவர் இந்தியில் கேட்பார். சினிமா கொட்டகையில் அவள் காதோரம் வரிக்கு வரி தமிழ்.

இப்போது அவருக்கு ஞாபகம் போய்விட்டது.

மகன் பெயர் போயிற்று. அவள் பெயரும் போயிற்று. பாழாய்ப்போன இந்தி மட்டும் அப்படியே இருக்கிறது.

பின்னால் சாப்பாட்டு மேசையில் மகன் உமாபதியும் மருமகளும் இந்தியில் பேசத் தொடங்கினார்கள். அவளுக்குத் தெரியக்கூடாத பேச்சென்றால் அந்த வீட்டில் இந்திதான். அவரை யாரும் ஒரு ஆளாகவே நினைப்பதில்லை.

திரையில் ஒரு நாய் ஓடிக்கொண்டிருந்தது. வேறு யாருமில்லை.

"அப்பாவை ஹோம்ல விட்டுடலாம்ங்கிறான்," என்றார் அவர், நாயைப் பார்த்தபடியே. "திங்கட்கிழமை கூட்டிட்டு வரச் சொல்லிட்டாங்களாம். அம்மா இங்கேயே இருக்கட்டுமாம். அவங்ககிட்ட அப்புறமாச் சொல்லிக்கலாமாம்."

மேசையில் பேச்சு நின்றது.

"பாவம், கிழவன்," என்று அவர் மறுபடி சிரித்தார்.

இந்த முறை அவள் சிரிக்கவில்லை.

வயிறு எரியும் என்று காத்திருந்தாள். எரியவில்லை.

மூன்று வருடம். நாளுக்கு நான்கு முறை விரிப்பு அலசியாயிற்று. குளிப்பாட்டும்போது யாரடி நீ என்று அவர் கடித்த இடம் மணிக்கட்டில் இன்னும் ஆறவில்லை. மருமகள் ஒரு நாளும் அந்த அறைக்குள் மூக்கைப் பொத்தாமல் வந்ததில்லை. அவளையும் குற்றம் சொல்ல முடியாது.

முப்பது வருடம் பக்கத்தில் உட்கார்ந்து எல்லாவற்றையும் சொல்லிக்கொண்டே வந்த மனிதர்.

வெட்கமாகத்தான் இருந்தது. அதைவிட அதிகமாகத் தூக்கம் வந்தது.

அவர் தோளைத் தொட்டாள்.

"ஞாயித்துக்கிழமையே முடியாதான்னு கேளுங்க."

அவர் திரும்பி உட்கார்ந்தார். மகனைப் பார்த்து, மிகவும் மரியாதையான இந்தியில் கேட்டார்.