நீலப் படகின்மேல் துப்பியவர்கள்

கிரேக்க நாட்டுக் கடலோரத்தில் ஒரு சிற்றூர். அங்கே மீனவர் ஸ்டமாட்டிஸ் புதிதாக ஒரு படகு கட்டி, நீலச் சாயம் பூசி, வெள்ளோட்டத்துக்குக் கரையில் நிறுத்தினார். ஊர் சும்மா பார்த்துவிட்டுப் போகுமா? வந்தவர்கள் எல்லாரும் "த்தூ, த்தூ, த்தூ" என்று அதன்மேல் துப்பினார்கள். ரொட்டிக் கடைக்காரி தெஸ்பீனா, "சீ, இந்த மூஞ்சியை எந்த மீன் பார்க்கும்?" என்று சொல்லிவிட்டுப் போனாள்.

நீலப் படகுக்கு அழுகையே வந்துவிட்டது. பக்கத்தில் ஒரு கிழப் படகு கிடந்தது. அதை மட்டும் எல்லாரும் தட்டிக்கொடுத்து, "உன்னை மாதிரி அழகி உண்டா?" என்று கொஞ்சினார்கள்.

"அக்கா, உன்னைக் கொஞ்சுகிறவர்கள் என்மேல் ஏன் துப்புகிறார்கள்?" என்று கேட்டது நீலப் படகு.

"திருஷ்டி பட்டுவிடக் கூடாதென்றுதான், தங்கச்சி. இந்த ஊரில் அழகானதைக் கண்டால் துப்புவார்கள், திட்டுவார்கள்."

"அப்படியானால் உன்னை?"

கிழப் படகு கடலின் பக்கம் திரும்பிக்கொண்டது.

அன்றிலிருந்து நீலப் படகுக்குத் தலைகால் புரியவில்லை. யாராவது துப்ப மறந்தால் கயிற்றை இழுத்து முரண்டு பிடித்தது.

வருஷங்கள் ஓடின. கிழப் படகை விறகுக்கு உடைத்தார்கள். உப்புக் காற்றில் நீலச் சாயம் உரிந்தது.

ஒருநாள் காலை தெஸ்பீனா ரொட்டிக் கூடையோடு அந்தப் பக்கம் வந்தாள். படகின் அருகே நின்று, அதன் விலாவை மெல்லத் தடவினாள்.

"என் கண்ணே, நீ எவ்வளவு அழகு!" என்றாள்.

"திட்டு, தெஸ்பீனா! ஒரே ஒரு தடவை திட்டு!" என்று படகு கெஞ்சியது.

அவள் இன்னொரு முறை தடவிக்கொடுத்துவிட்டுப் போனாள்.