நாலாவது நாற்காலி

மேடையில் மூன்று நாற்காலிகள்தான் வெளிச்சத்தில் மினுங்குகின்றன. ஒஸ்லோவின் ஜப்பானியப் படவிழாவுக்கு வந்த இயக்குநரும் கதாநாயகனும் கதாநாயகியும் பூங்கொத்துகளோடு அமர்ந்திருக்கிறார்கள். கூடவே வந்த கிழநடிகர் இவாகுராவுக்கு நாற்காலியில்லை. கீழே முன்வரிசை ஓரத்தில், சபையோரின் ஈரக் கோட்டுகளுக்கு நடுவே ஒடுங்கியிருக்கிறார். வாசலில் டிக்கெட் பார்க்கும் பரராசசிங்கத்துக்குப் பற்றி எரிகிறது. பெயரில் உள்ள ராசாவும் சிங்கமும் உத்தியோகத்தில் இல்லாவிட்டாலும் கோபத்தில் இருக்கிறார்கள்.

"இருநூறு படம், பிள்ளை! சத்திரக்காரன், பொலிஸ், கெட்ட செய்தி கொண்டுவாற டொக்டர், எல்லாம் இவர்தான். இவர் செத்துக் குடுக்காட்டி அந்தக் கதாநாயகன் ஆருக்காகப் பழிவாங்கிறது?"

"மெல்லக் கதையுங்கோ மாமா, பொஸ் பாக்கிறா," என்கிறாள் பாப்கோர்ன் விற்கும் நிருஜா.

"பாக்கட்டும். எங்கடை தமிழ்ச்சங்க ஆண்டுவிழாவிலை மைக் பூட்டினவனுக்கும் பொன்னாடை போத்துவம். இவையளுக்கு இந்த மனுசனுக்குப் போட ஒரு கதிரை கிடைக்கேல்லையோ?"

சொன்ன சூட்டோடு, கதவுக் குளிருக்குச் சுற்றியிருந்த கம்பளிச் சால்வையை உருவிக்கொண்டு நடுவழியே நடக்கிறார். சபை திரும்பிப் பார்க்கிறது. இரண்டு கையாலும் கிழவரின் தோளில் போர்த்துகிறார். கிழவர் பதறி எழுந்து, இடுப்பு மடிய வணங்குகிறார். சால்வை நழுவி விழுகிறது. எடுத்துப் போர்த்தினால் மறுபடி வணக்கம், மறுபடி சால்வை நிலத்தில்.

"போதும் ஐயா, நிமிருங்கோ," என்று தோளைப் பிடிக்கிறார் பரராசசிங்கம்.

மொழி விளங்காமலே கிழவர் நிமிர்கிறார். இருநூறு படத்திலும் குனிந்தே நின்ற மனிதர் இவ்வளவு உயரமா! சால்வையைப் போர்த்த, பரராசசிங்கம் நுனிக்காலில் எம்பவேண்டியிருக்கிறது.