கழித்தல் குறி

"வெள்ளி, பதினேழாம் தேதி. பங்குக் கணக்கில் இன்றும் ஒரு சின்னத் தப்பு. என் விடைக்கு முன்னால் ஒரு கழித்தல் குறி வந்து உட்கார்ந்திருக்கிறது. எந்த வரியில் நுழைந்தது என்று தெரியவில்லை."

இவ்வளவையும் நாட்குறிப்பில் எழுதிவிட்டு அவள் நிமிர்ந்தபோது, எதிரே அண்ணி தையல் மிஷினை நிறுத்தியிருந்தாள்.

"என்னடி டீச்சரம்மா, ஓரம் மடிக்கிற நேரத்துல அப்படி என்ன எழுத்து?"

"கணக்கு அண்ணி. நம்ம கணக்கு."

அண்ணியும் நாத்தனாருமாக அந்த வாடகை அறையில் விடுதிகளுக்குத் திரைச்சீலை தைக்கிறார்கள். ஒரு கட்டு முடிந்தால் இவ்வளவு என்று கூலி. அதில் மூன்றில் ஒரு பங்கை அண்ணி அவள் கையில் எண்ணி வைப்பாள்.

மாலை வகுப்பில் 'இருவர் சேர்ந்து ஒரு வேலையை' என்று தொடங்கும் கணக்குகளைப் போட ஆரம்பித்ததிலிருந்து அந்த மூன்றில் ஒன்று அவளை உறுத்திக்கொண்டே இருந்தது. இரண்டு பேர், இரண்டு மிஷின். பாதி வர வேண்டாமா? பாதி வந்தால் திங்கட்கிழமை பரீட்சைக்குப் பணம் கட்டிவிடலாம். வராவிட்டால் இந்த வருஷப் படிப்பு அவ்வளவுதான்.

போன மாதம் அவள் காய்ச்சலில் படுத்திருந்தபோது அண்ணி ஒரு கட்டைத் தனியாக முடித்தாள். இந்த வாரம் அதே அளவுக் கட்டை இருவரும் சேர்ந்து முடித்தார்கள். இரண்டுக்கும் ஆன நேரத்தை அண்ணியே சுவர்க் காலண்டரில் குறித்திருந்தாள். இரண்டும் தெரிந்தால் மூன்றாவது தானாக விழுந்துவிடும்: அவள் ஒருத்தியின் வேலை எவ்வளவு என்பது.

"யார் எவ்வளவு தைச்சாங்களோ அவ்வளவு பங்கு. அதான் அண்ணி நியாயம்."

"மூணுல ஒண்ணு கைக்கு வருதுல்ல. வாங்கிக்கிட்டுச் சும்மா இரேன். வீட்டுக்குள்ள எதுக்குடி தராசு?"

"பாத்தீங்களா, தராசுன்னதும் பயப்படறீங்க."

அண்ணி நூலைக் கடித்து அறுத்தாள். "சரி. கணக்கு என்ன சொல்லுதோ அதையே குடுக்கறேன். குறைச்சலா வந்தா?"

"வாயைத் திறக்க மாட்டேன்."

"உங்கண்ணன்கிட்ட போய் மூக்கைச் சிந்தக் கூடாது."

"சத்தியமா மாட்டேன்."

ஐந்தரைக்கு அவள் பையைத் தோளில் மாட்டினாள். அண்ணி எழுந்திருக்கவில்லை. வழக்கம்போல, நாத்தனார் தைத்து அடுக்கிய துணிகளை மடியில் இழுத்துப் போட்டுக்கொண்டு சின்னக் கத்தரியைத் தேடினாள்.

"நீ கிளம்பு. பிசிறு வெட்டிட்டு வரேன்."

வகுப்பு முடிந்ததும் அவள் சாரின் மேஜைக்குப் போனாள். நோட்டை நீட்டினாள்.

"புத்தகத்துக் கணக்கா?"

"இல்ல சார். தெரிஞ்சவங்க கடைக் கணக்கு. இதுல என்ன வருதோ அப்படித்தான் கூலியைப் பிரிக்கப் போறாங்க." விடையைத் தொட்டுக் காட்டினாள். "மூணு தடவை போட்டுட்டேன். மூணு தடவையும் மைனஸ்ல வருது. எனக்குக் கழித்தலே கைவராது போலிருக்கு சார்."

சார் சிவப்புப் பேனாவைத் திறந்து முதல் வரியை வாய்விட்டுப் படித்தார். "முதல் ஆள் தனியா செஞ்சா பத்து மணி நேரம். ரெண்டு பேரும் சேர்ந்து செஞ்சா பன்னெண்டு மணி நேரம்." பேனா நின்றது. "மாத்தி எழுதிட்டியாம்மா?"

"இல்ல சார். காலண்டர்ல பாத்துத்தான் எழுதினேன். சந்தேகமா இருந்துச்சு, திரும்பப் போயும் பாத்தேன்."

அவர் ஒவ்வொரு வரியாக இறங்கினார். எந்த வரியிலாவது அந்தச் சிவப்பு சுழிக்காதா என்று அவள் ஏங்கிக்கொண்டு நின்றாள். கடைசி வரிவரை வந்தும் அது எங்கேயும் சுழிக்கவில்லை. சார் பேனாவை மூடிவிட்டு, குலுங்கக் குலுங்கச் சிரித்தார்.

"கணக்குல தப்பே இல்லம்மா. முதல் ஆள் தொட்டியை நிரப்புற குழாய். ரெண்டாவது ஆள் தொட்டில இருக்கிற ஓட்டை. அவங்க கெடுத்ததைப் பிரிச்சுத் தைக்கவே முதல் ஆளுக்குக் கூட ரெண்டு மணி நேரம் போகுது."

பைகளை எடுத்துக்கொண்டிருந்தவர்களில் யாரோ களுக்கென்றார்கள். அவளுக்குக் காது மடல்வரை சுட்டது.

"அப்ப அந்த ரெண்டாவது ஆளுக்கு..." பை வாரை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள். "எவ்வளவு பங்கு சார்?"

"பங்கா?" சார் நோட்டை மூடி அவள் கையில் கொடுத்தார்.

"நாளைக்கு அந்த ஆளை வேலைக்கு வர வேணாம்னு சொல்லிரும்மா."