கிணற்றடிக் காட்சி

"அழும்மா! நல்லா வாயைத் திறந்து அழு!" என்று கத்தினார் டைரக்டர்.

அவள் அழவில்லை. அழுது தீர்த்தாயிற்று. இப்போது வயிறுதான் எரிந்தது.

எதிரே முதலாளி நின்றான். பட்டணத்து உச்சி வெயிலில் கம்பளிக் கோட்டு, தொப்பி, வாயில் பைப்பு, கையில் பூதக்கண்ணாடி. சீமைக் கதையாம். இவன் துப்பறிகிறானாம். பணம் போட்டவனே கதாநாயகன், கேட்பானேன்!

பக்கத்தில் கிணறு.

கதைக்கு ஒரு கிணறு வேண்டும் என்றதும் தன் பங்களாக் கிணற்றையே காட்டிவிட்டான், பாவி.

போன ஆடியில் அவள் தங்கை தனபாக்கியத்தைத் தூக்கியது இதிலிருந்துதான்.

இங்கே வீட்டு வேலைக்கு வந்தவள். கால் தவறி விழுந்தாள் என்று எழுதிக்கொண்டு போனது போலீஸ். குளிப்பாட்டியது இவள். கழுத்தில் விரல்கள் பதிந்திருந்தன. அன்று பங்களாவில் இருந்தவன் முதலாளி ஒருவன்தான். ஸ்டேஷனில் போய்ச் சொன்னாள். அவன் பெயரைக் கேட்டதும் வெளியே போ என்றார்கள்.

தனபாக்கியத்துக்கு நாடகத்தில் நடிக்கிற அக்கா உண்டென்று அவனுக்குத் தெரியாது.

காட்சி இதுதான். கொலைகாரனைப் பிடித்துக் கொடுத்த துப்பறிவாளனுக்கு, செத்தவளின் அக்கா நன்றி சொல்ல வேண்டும். வசனம் பிறகு திரையில் எழுத்தாக வரும்.

"என்ன வேணா பேசும்மா. வாய் அசைஞ்சாப் போதும். ஊமைப் படம், எவனுக்குக் கேக்கப் போவுது?"

காமிரா கடகடவென்று சுற்றத் தொடங்கியது. அவளுக்கு அழுகை வரட்டும் என்று ஆர்மோனியக்காரர் முகாரியை இழுத்தார்.

அவள் கைகூப்பி, அவன் முகத்தருகே போனாள்.

"தனபாக்கியம் கழுத்தை நெரிச்சு இந்தக் கிணத்துல போட்டவன் நீதான்டா. நான் அவ அக்கா."

ஆர்மோனியச் சத்தத்தில் அவன் ஒருவனுக்குத்தான் கேட்டது.

பைப்பு கீழே விழுந்தது.

"சபாஷ்! என்ன முகம் முதலாளி, என்ன முகம்! கிட்டத்துல வச்சு இன்னொரு தடவை எடுத்துருவோம். அம்மா, நீயும் அதையே சொல்லு."

வேண்டாம் என்று அவன் கையை ஆட்டினான். டைரக்டர் காமிராவை நகர்த்துவதில் மும்முரமாக இருந்தார்.

அவள் முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். தச்சர்கள், சமையல்காரர்கள், மதிலோரம் வேடிக்கை பார்க்கக் கூடிய தெருக்காரர்கள், எல்லாரையும் ஒருமுறை பார்த்தாள்.

"சொல்றேன். மொதல்ல அந்த ஆர்மோனியத்தை நிறுத்தச் சொல்லுங்க."