ருமேனியாக் கரை

"அக்கா, அந்த ரீவியை நிப்பாட்டுங்கோ."

"பேசாமல் இரு தம்பி. ஆறு இண்டைக்கு ருமேனியாவுக்கு வருது."

சற்குணம் ரிமோட்டைத் தேடினான்; அது அக்காவின் மடியில் இருந்தது. ஜெர்மனியில் தொடங்கி, டான்யூப் ஆற்றோடு நாடு நாடாகப் படகில் போகும் ஆவணப்படம் அது. ஞாயிறுதோறும் மாலையில், புலம்பெயர்ந்து அக்காவும் தம்பியுமாக வாழும் ஏவன்டேல் வீட்டுக்குள் வந்துவிடும். அவன் எதற்குப் பயந்தானோ, அந்த இடம் வாரத்துக்கு வாரம் கிட்ட வந்துகொண்டிருந்தது.

சில வருடங்களுக்கு முன், களவாக எல்லை கடத்தும் ஏஜென்சிக்காரன் அவனையும் அக்காவின் கணவரான அத்தானையும் ஓட்டைத் தோணியில் ஏற்றிவிட்டது அந்த ருமேனியாக் கரையில்தான். தோணி கவிழ்ந்தது. மறுகரை ஏறியவன் சற்குணம் மட்டும்.

"அத்தான் பிடிபட்டிட்டார். எப்பிடியும் விடுவாங்கள்" என்று அன்று அக்கா ரதிதேவியிடம் சொன்ன பொய்யை இன்றுவரை கட்டிக் காக்கிறான். அதை நம்பித்தான் அவள் காலையில் முழுகியதும் நெற்றி நிறையக் குங்குமம் வைக்கிறாள். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்தவனுக்கு ஒரு கவளமாவது நிம்மதியாக இறங்குமா? உண்மை தெரிந்தால் அக்கா உயிரோடு இருக்க மாட்டாள் என்பதுதான் அவனுடைய நடுக்கம்.

திரையில் ஒரு கிழட்டு மீனவன் வலையை உதறியபடி பேசினான். கீழே ஆங்கில எழுத்துகள் ஓடின: 'இருட்டில் ஆறு கடக்கிறவர்கள் சிலவேளை வலையில் வருவார்கள். நாங்களே புதைப்போம்.'

சற்குணம் பாய்ந்து போய்த் தொலைக்காட்சியை அணைத்தான்.

"ஏன்ரா நிப்பாட்டினாய்?"

"வ... வயிறு சரியில்லை அக்கா. படுக்கப் போறன். எனக்கு மீன் வேண்டாம்."

"மீன் சமைக்கேல்லை."

காலையில் சந்தையில் மீன் வாங்காமல் அவள் திரும்பியதை அவன் கவனித்திருக்கவில்லை. ரதிதேவி உள்ளே போய்ச் சோறும் பருப்பும் கத்தரிக்காயும் பரிமாறிக்கொண்டு வந்தாள். மேசையில் மூன்று தட்டுகள். வீட்டில் இருப்பதோ இரண்டு பேர்.

"இது ஆருக்கக்கா?"

"வருசா வருசம் மாசித் தேய்பிறை நவமியிலை உனக்கு வயிறு சரியில்லாமல் போகுது. மீன் மச்சம் தொடமாட்டாய். அப்பா அம்மான்ரை திதி வேறை நாளிலை எண்டு எனக்குத் தெரியாதே? இந்தத் திதி ஆருடையது எண்டு ரெண்டாம் வருசமே விளங்கி, தனிய இருந்து அழுது முடிச்சிட்டன்."

சற்குணம் அவளது நெற்றியைப் பார்த்தான்.

"இதை அழிச்சால் நீ உயிரோடை இருக்கமாட்டாய் எண்ட பயத்திலைதான்ரா தம்பி, இன்னும் வைக்கிறன்."